அமரிக்கை என்று ஒரு சொல்

என் புருசன் சுனாமியில் சாகவில்லை. இதைச் சொன்னால் கேட்கிறவர்கள் பாவம் என்று தலையை ஆட்டுகிறார்கள், துக்கத்தில் புத்தி பேதலித்துவிட்டது என்று நினைக்கிறார்கள். துக்கம் எப்போதோ வற்றிவிட்டது. இருப்பது கோபம். அலை வந்தது ஞாயிற்றுக்கிழமை காலை. அவர் செத்தது செவ்வாய்க்கிழமை இரவு. எங்கள் ஊருக்கு ஒரு பக்கம் கடல், மறுபக்கம் களப்பு என்கிற உப்புநீர் ஏரி. மூன்று பகலும் நான் கடற்பக்கம் தேடித் திரிந்தேன். அவர் களப்புப் பக்கம் உயிரோடு கிடந்தார்.

அந்தச் செவ்வாய்க்கிழமையை ஒரு கடதாசியில் எழுதுவிக்க எனக்கு நாலரை வருசம் பிடித்தது. நடுவில் ஒரு யுத்தம் வந்து முடிந்தும் போனது. அந்தக் கதையைத்தான் சொல்ல வந்தேன். ஆனால் அதற்கு முதல் ஒரு சொல்லைப் பற்றிப் பேச வேண்டும். என் வாயைக் கட்டிப் போட்டது அந்தச் சொல்தான்.

அமரிக்கை. எங்கள் பக்கத்தில் ஒரு பெண்பிள்ளையைப் புகழ வேண்டும் என்றால் முதலில் வாயில் வருவது இதுதான். அமரிக்கையான பிள்ளை. அழகு இருக்கிறதோ இல்லையோ, படிப்பு இருக்கிறதோ இல்லையோ, இது இருந்தால் போதும், தலையில் தூக்கி வைத்துக்கொள்வார்கள். மெல்லப் பேசுவது, குறைவாகப் பேசுவது, எதிர்த்துப் பேசாதது என்று இதற்கு அர்த்தம் சொல்லலாம். அது பாதிதான். பேசத் தெரியாதவள் அமரிக்கையில் சேர்த்தி இல்லை, அவளை ஊமைச்சி என்பார்கள். பேசத் தெரிந்திருக்க வேண்டும், பேசாமல் இருக்க வேண்டும். வாய் நிறையக் கேள்வி இருக்க வேண்டும், கேட்காமல் விழுங்க வேண்டும். அப்போதுதான் அந்தப் பட்டம் கிடைக்கும். எனக்குப் பதினைந்து வயதிலேயே கிடைத்துவிட்டது.

என்னைப் பெண் பார்க்க வந்தவர்கள் இரண்டு கேள்வி கேட்டார்கள். நான் இரண்டுக்கும் பதில் சொன்னேன், திருப்பி ஒன்றும் கேட்கவில்லை. வேலிப் படலையைத் தாண்டுவதற்குள் முடிவாகிவிட்டது. எங்கள் பக்கத்தில் கலியாணம் முடித்தால் மாப்பிள்ளைதான் பெண்ணின் வீட்டுக்கு வருவார், வீடு பெண்ணின் பேரில்தான் இருக்கும். ஆகவே வீடு என்னுடையது, வளவு என்னுடையது, கிணறு என்னுடையது. அந்த வீட்டுக்குள் இருந்துகொண்டு எங்கே போகிறீர்கள் என்று கேட்க மட்டும் எனக்கு உரிமை இல்லை.

இந்த இடத்தில் எங்கள் வழக்கம் ஒன்றைச் சொல்லாவிட்டால் விளங்காது. மீன்பிடி ஊர்களில் தொழிலுக்குப் புறப்படுகிற ஆம்பிளையிடம் எங்கே போகிறீர்கள் என்று கேட்கக் கூடாது. கேட்டால் அன்றைக்குத் தொழில் சரிவராது, ஆளுக்கும் ஆகாது. வாய் தவறி யாராவது கேட்டுவிட்டால், அவர் துடுப்பை வைத்துவிட்டுத் திரும்பி வந்து, கொஞ்ச நேரம் குந்தி இருந்து, ஒரு செம்பு தண்ணீர் குடித்துவிட்டுத்தான் மறுபடி இறங்குவார். சில பேர் அன்றைக்குப் போகவே மாட்டார்கள். அவரும் போறன் என்று சொல்ல மாட்டார், வாறன் என்றுதான் சொல்வார். பெண்கள் அவர் கையில் இருப்பதைப் பார்த்துத் தெரிந்துகொள்ள வேண்டும். வீச்சு வலையும் கூடையும் என்றால் களப்பு. பெரிய வலையும் சோற்றுப் பொதியும் என்றால் கடல். அமரிக்கையான பெண்ணுக்கு அந்தப் பார்வை போதும் என்பது ஊரின் எண்ணம்.

என் அக்கா இதில் ஒன்றையும் மதிக்க மாட்டாள். வாய்க்காரி என்று ஊரே சொல்லும். அவளுடைய புருசன் படலையில் கை வைக்கும்போதே எங்கே போகிறீர்கள், எப்போது வருவீர்கள், வரும்போது கடைக்குப் போவீர்களா என்று வரிசையாகக் கேட்பாள். மனுசன் தலையில் அடித்துக்கொண்டு திரும்பி வந்து குந்துவார். கிழமையில் இரண்டு நாளாவது இந்தக் கூத்து நடக்கும். அந்த ஞாயிற்றுக்கிழமையும் நடந்தது. அதனால் அலை வந்தபோது அவர் முற்றத்தில் குந்தி அக்காவை ஏசிக்கொண்டிருந்தார், இரண்டு பிள்ளைகளையும் தூக்கிக் கஜு மரத்தில் ஏற்றினார், இன்றைக்கும் இருக்கிறார். வழக்கம் சரியா பிழையா என்று நான் ஆராய்ச்சி பண்ணவில்லை. நடந்ததைச் சொல்கிறேன். ஊர் யாரை வாய்க்காரி என்றதோ அவளுக்குப் புருசன் இருக்கிறார்.

என் வீட்டில் அன்றைக்கு நடந்தது இவ்வளவுதான். விடிந்ததும் அவர் எழும்பினார். நான் கொடுத்த பிளேன்ரீயைக் குடித்தார். மூன்று வயது மகள் தூங்கிக்கொண்டிருந்தாள், அவளுடைய போர்வையை இழுத்துவிட்டார். வேலியில் செருகியிருந்த கத்தியை எடுத்துக்கொண்டு, வாறன் என்றார். கையில் வலை இல்லை, கூடை இல்லை, பொதி இல்லை. கத்தி மட்டும். கத்தியைப் பார்த்து என்னத்தைக் கண்டுபிடிக்கிறது? கேள்வி நாக்கு நுனிவரை வந்தது. விழுங்கினேன். எனக்கு நல்ல பழக்கம். அந்தக் கிழமை முழுக்க அவர் தோணியைக் கடற்கரையில் கவிழ்த்துப் போட்டுத் திருத்திக்கொண்டிருந்தார். அந்த வேலைக்குத்தான் கத்தி என்று நானே முடிவு கட்டிக்கொண்டு அடுப்பைப் பார்க்கப் போனேன்.

தண்ணீர் வந்ததைப் பற்றி எழுத ஆயிரம் பேர் இருக்கிறார்கள், நான் எழுதவில்லை. மகளை இடுப்பில் இறுக்கிக்கொண்டு றோட்டுப் பக்கம் ஓடினேன், பிழைத்தோம். அவ்வளவு போதும். மிச்சப்பட்டவர்கள் எல்லாரும் மேட்டில் இருந்த பள்ளிக்கூடத்தில் கூடினோம். மகளை அக்காவிடம் கொடுத்துவிட்டு அன்று பின்னேரமே கடற்கரைக்கு ஓடினேன். எங்கள் தோணி இரண்டாகப் பிளந்து ஒரு பனையடியில் கிடந்தது. அதைக் கண்டதும் அவரும் இங்கேதான் எங்கேயோ கிடக்கிறார் என்று எனக்கு நிச்சயமாகிவிட்டது.

ஞாயிறு, திங்கள், செவ்வாய். கடற்கரை நீளத்துக்கும் நடந்தேன். குப்புறக் கிடந்தவர்களைப் புரட்டி முகம் பார்த்தேன். முகம் தெரியாதபோது இடுப்பில் கட்டியிருந்த சாரத்தைப் பார்த்தேன், கால் விரலைப் பார்த்தேன். சில பேரை எனக்குத் தெரியும், ஓடிப்போய் அவர்களுடைய ஆட்களுக்குச் சொன்னேன். களப்புப் பக்கம் ஒரு முறைகூடத் திரும்பிப் பார்க்கவில்லை. களப்புப் பக்கத்தில் எனக்கு என்ன வேலை?

இனி என் அத்தான். புருசனின் அண்ணன், ஒரே அண்ணன். நாலு வீடு தள்ளி இருந்தார். அவர் வீட்டில் ஒருவருக்கும் ஒன்றும் ஆகவில்லை, அதை முதலிலேயே சொல்லிவிடுகிறேன், பிறகு யாரும் அவருக்காக மனம் இளக வேண்டாம். அவரும் அதிகம் பேச மாட்டார். ஆனால் பேசாத ஆம்பிளையை எங்கள் ஊரில் அமரிக்கை என்று சொல்வதில்லை. ஆழமான ஆள் என்பார்கள். ஆழம்! களப்பில் எது ஆழம் எது சேறு என்று கால் வைத்தால்தான் தெரியும். அந்த மூன்று நாளும் நான் கடற்கரைக்குப் புறப்படும்போது அவர் பள்ளிக்கூட வாசற்படியில் இருந்தார். என்னைப் பார்த்தார். திங்கட்கிழமை காலை வாயைத் திறந்து ஒரு வார்த்தையும் சொன்னார்.

"வெயில் ஏற முதல் போயிட்டு வா, புள்ள."

அக்கறை என்று நினைத்தேன். இந்த மனுசனுக்காவது என் மேல் இரக்கம் இருக்கிறதே என்று நடந்துபோகும்போது கண்ணீர் விட்டேன். இப்போது நினைத்தாலும் என்னை நானே அறைய வேண்டும்போல இருக்கிறது.

புதன்கிழமை காலை எருமை தேடிப் போனவர்கள் கண்டல் காட்டுக்குள் அவரைக் கண்டார்கள். கண்டல் என்பது களப்போரத்தில் சேற்றுக்குள் வேர் பரப்பி நிற்கிற மரம். ஒருவர் ஓடி வந்து எனக்குச் சொன்னார். மற்றவர்கள் நான் வந்து பார்க்கட்டும் என்று தூக்காமல் காத்து நின்றார்கள். போனேன், பார்த்தேன். வலது கால் முழங்காலுக்குக் கீழே முறிந்திருந்தது. இரண்டு பக்கமும் கண்டல் தடியை வைத்து, சாரத்தைக் கிழித்து, இறுக்கிச் சுற்றிக் கட்டியிருந்தது. முடிச்சு அவருடைய முடிச்சு, வலைக்குப் போடுகிறது. தண்ணீர் வந்து காலை முறிக்கும், கட்டுப் போட்டுவிட்டுப் போகாது. மூன்று நாள் கடற்கரையில் நான் பார்த்த உடம்புகள் எப்படி இருந்தன என்று எனக்குத் தெரியும். இவர் அப்படி இல்லை. ராவுதான் போயிருக்கிறார் என்று எருமைக்காரர்களில் வயதானவர் மெல்லச் சொன்னார். யாரும் மறுக்கவில்லை.

தடி வெட்டப் போயிருக்கிறார் என்பது அப்போதுதான் விளங்கியது. கண்டல் வெட்டத் தடை இருந்த காலம் அது. யாருடைய தடை என்று கேட்காதீர்கள், எங்கள் பக்கத்தில் அப்போது தடை போட இரண்டு அரசாங்கம் இருந்தது, ஒன்று ஆமிக்காரருடையது, மற்றது இயக்கத்துடையது. பிடிபட்டால் வம்பு. அதனால்தான் வாயைத் திறக்காமல் போயிருக்கிறார், எங்கள் வேலிக்குத்தான் தடி வெட்டியிருப்பார் என்று நினைத்துக்கொண்டேன். வேறு யாருக்காவது தெரிந்திருந்தால் சொல்லாமலா இருந்திருப்பார்கள் என்றும் நினைத்தேன். மடச்சி.

அத்தான் கண்டலுக்கு வரவில்லை. அடக்கம் செய்கிற இடத்துக்கு வந்தார், மூன்று கை மண் போட்டார், போய்விட்டார்.

பிறகு மரணப் பதிவு நடந்தது. மேசை போட்டு இருந்த உத்தியோகத்தர் வரிசையில் வந்த எல்லாருக்கும் ஒரே திகதியை எழுதிக்கொண்டிருந்தார். பேர், வயது, ஞாயிற்றுக்கிழமை. பேர், வயது, ஞாயிற்றுக்கிழமை. என் முறை வந்தது. செவ்வாய் என்று சொல்ல வாயெடுத்தேன். எனக்குப் பின்னால் பிள்ளைகளைப் பறிகொடுத்தவர்கள் நின்றார்கள். இந்த நேரத்தில் நான் கிழமை பேசினால் என்ன நினைப்பார்கள் என்று வாயை மூடினேன். நல்ல அமரிக்கை. காட்டின இடத்தில் கையெழுத்து வைத்துவிட்டு வந்தேன். அந்தக் கையெழுத்து ராத்திரி பகலாக என்னை அரித்தது. மூன்று நாள் வலியோடு கிடந்த மனுசனை, ஒரு நிமிசத்தில் தண்ணீர் கொண்டுபோனது என்று நானே எழுதிக் கொடுத்திருக்கிறேன். அவர் பட்டதை ஒருவரும் படவில்லை என்று ஆக்கிவிட்டேன்.

இரண்டு வருசத்தில் சண்டை எங்கள் பக்கம் வந்தது. வாகரைப் பக்கம் செல் விழ விழச் சனம் எல்லாம் கிளம்பியது. காட்டுக்குள்ளால் நடந்தோம், கழுத்தளவு தண்ணீருக்குள்ளால் நடந்தோம். மகள் என் தோளில் இருந்தாள். கடதாசிகள் இருந்த பையை அந்தத் தண்ணீரில் விட்டுவிட்டேன். வாழைச்சேனைக்கு அங்கால் முகாமில் கொண்டுபோய் விட்டார்கள். எங்கள் கொட்டிலும் அத்தானுடைய கொட்டிலும் பக்கத்தில் பக்கத்தில், நடுவில் ஒரு தறப்பாள் திரை மட்டும். அவருடைய மனைவி காய்ச்சலில் படுத்த மாதங்களில் நான்தான் அவருக்கும் சேர்த்துச் சமைத்தேன். நான் ஆக்கின சோற்றை அந்த மனுசன் என் முன்னால் இருந்து தின்றார்.

முகாமில் பிள்ளைகளுக்குப் படிப்பிக்க ஒரு கொட்டில் போட்டிருந்தார்கள். பத்தாம் வகுப்புவரை படித்தவள் என்று என்னையும் பிடித்துப் போட்டார்கள். யாரோ அனுப்பிய பழைய புத்தகப் பெட்டிக்குள் அட்டை கிழிந்த அகராதி ஒன்று இருந்தது. முதல் வேலையாக அமரிக்கையைத் தேடினேன். இருந்தது. அமைதி, அடக்கம் என்று போட்டிருந்தது. வேர் எது என்று பார்த்தேன். அமர். உட்கார், தங்கு, ஓய்ந்துபோ, அடங்கு. காய்ச்சல் அமர்வது, நெருப்பு அமர்வது எல்லாம் அதில்தான் வருகிறது. ஆகவே சொல்லின் பிறப்பு இவ்வளவுதான்: இரு என்ற ஒரு கட்டளை. வகுப்பில் நான் பிள்ளைகளை அதட்டிச் சொல்கிற அதே இரு. அதைப் பெண்ணுக்குச் சொல்லும்போது மட்டும் நீட்டி, மினுக்கி, புகழ்ச்சியாக்கிக் கொடுத்திருக்கிறார்கள். அதே பக்கத்தில் அமர் என்றால் போர் என்றும் இருந்தது. அதை வைத்து அழகாக ஏதாவது எழுதலாம். செல்லுக்குப் பயந்து பிள்ளையைச் சுமந்துகொண்டு ஓடியவளுக்கு அந்த விளையாட்டு வராது.

மறுபடி ஊருக்குப் போகலாம் என்று விட்டார்கள். வந்து வளவு துப்புரவாக்கினோம். கிணற்றை இறைத்தோம். வடக்கில் சண்டை தொடர்ந்தது, பிறகு ஒரு நாள் முடிந்துவிட்டது என்று றேடியோவில் சொன்னார்கள். எங்கள் ஊரில் ஒருவரும் வாய் திறக்கவில்லை. யாருக்காக அழுவது, யார் பார்த்துக்கொண்டிருக்கிறார்கள் என்று தெரியாமல் ஊரே அமரிக்கையாக இருந்தது. அன்றைக்கு எனக்கு ஆம்பிளைகளைப் பார்க்க ஒரு குரூரமான சந்தோசமாகவும் இருந்தது. இப்போது தெரிகிறதா, வாயை மூடிக்கொண்டு இருப்பது எப்படி இருக்கும் என்று மனதுக்குள் கேட்டேன்.

அதற்குப் பிறகுதான் நடமாடும் சேவை வந்தது. தொலைந்த பத்திரங்களைத் திருப்பி எடுக்கலாம் என்று அறிவித்தார்கள். பள்ளிக்கூட மண்டபத்தில் மேசைகள் போட்டு இருந்தார்கள். மரணப் பதிவு மேசையில் இருந்தவ மட்டக்களப்பு ரவுனிலிருந்து வந்த, பழைய வெள்ளைக்காரர் வழியில் பிறந்த ஒரு பறங்கி அம்மா, நடுத்தர வயது, கண்ணாடி போட்டவ. பழைய பதிவுப் புத்தகமும் சண்டைக்குள் போய்விட்டதாம், ஆகவே புதிதாக விசாரித்துத்தான் எழுத வேண்டுமாம், புருசனின் பக்கத்து ஆள் ஒருவர் சாட்சிக்கு வேண்டுமாம். அத்தானைக் கூட்டிக்கொண்டு போனேன். போகும்போதே முடிவு செய்திருந்தேன், இந்த முறை செவ்வாய் என்று சொல்வேன், தலை போனாலும் சொல்வேன்.

எனக்கு முதல் அந்த அம்மா அத்தானைத்தான் கேட்டா. அவவுக்கு எங்கள் வழக்கம் ஒன்றும் தெரியாது. பேனையை எடுத்துக்கொண்டு நேரே கேட்டா.

"அண்டைக்குக் காலமை உங்கட தம்பி எங்க போனவர்?"

"கண்டலுக்கு," என்றார் அத்தான். "தடி வெட்ட. நான்தான் அனுப்பின, களப்புக்குள்ள என்ட இறால் வேலிக்கு."

நேரம் என்ன என்று கேட்டால் சொல்வதுபோலச் சொன்னார். அந்த அம்மா எழுதினா. எனக்கு முதலில் விளங்கவில்லை. விளங்கினதும் மேசையைப் பிடித்துக்கொண்டேன். தடை போட்ட இரண்டு பேரில் ஒருவர் போய்விட்டார், மற்றவருக்குக் கண்டல் தடியைப் பற்றிக் கவலை இல்லை. இனிப் பயப்பட ஒன்றும் இல்லை. ஆகவே வாய் திறந்துவிட்டது. நாலரை வருசம் இறுக்கி மூடியிருந்த வாய்.

"உங்களுக்குத் தெரியுமா, அத்தான்?" என்றேன்.

"தெரியும்."

"அப்ப ஏன் சொல்லல்ல?"

அவர் என்னைப் பார்க்கவில்லை. மேசையைப் பார்த்துச் சொன்னார்.

"நீ கேக்கல்லயே, புள்ள."

அதற்குப் பிறகு நான் கேட்டேன். பிறந்ததிலிருந்து விழுங்கின கேள்வி எல்லாம் அன்றைக்குத்தான் வெளியே வந்தது. மண்டபம் முழுக்க ஆட்கள், நான் யாரையும் பார்க்கவில்லை. ஞாயிறு பின்னேரம் நான் கடற்கரைக்கு ஓடினதைக் கண்டீர்களா? கண்டாராம். திங்கட்கிழமை வெயில் ஏற முதல் போயிட்டு வா என்றீர்களே, எங்கே போகிறேன் என்று தெரியுமா? தெரியுமாம். நான் பிழையான பக்கம் போகிறேன் என்று தெரியுமா? அதற்குக் கடதாசியைப் பார்த்தார். நீங்களே ஒரு எட்டு போய்ப் பார்த்திருக்கலாமே, காலில் என்ன முள்ளா குத்தியிருந்தது? தடைக்குள் அனுப்பினது வெளியே வந்தால் உங்கள் மேல் பழி விழும் என்று பயந்தீர்களா? தலையை ஆட்டினார், ஓம் என்று. பிறகு செவ்வாய் இரவு எங்கே படுத்தீர்கள் என்று கேட்டேன். இந்த மண்டபத்தில்தான் என்றார். தூங்கினீர்களா என்று கேட்டேன். வரிசையில் நின்ற அக்கா ஓடி வந்து என் கையைப் பிடித்து இழுத்தாள். வாய்க்காரி அக்காவே போதும் விடு என்றாள். உதறினேன். ஒரு கேள்வி மிச்சம் இருந்தது.

"அவர் செத்திட்டார் எண்டா நினைச்சீங்க?"

அப்போதுதான் அவர் தலையை நிமிர்த்தினார்.

"இல்ல," என்றார். "வருவான் எண்டுதான் இருந்த."

நான் அந்த அம்மாவின் பக்கம் திரும்பினேன். செவ்வாய்க்கிழமை என்று எழுதச் சொன்னேன். சுனாமியில் போன எல்லாருக்கும் ஒரே திகதிதான் என்று அவ தயங்கினா. இவர் சுனாமியில் போகவில்லை, போனவர் காலுக்குக் கட்டுப் போட மாட்டார் என்றேன். கட்டைப் பற்றியும், எருமைக்காரர்கள் சொன்னதைப் பற்றியும் ஒன்றும் விடாமல் சொன்னேன். அவ கண்ணாடியைக் கழற்றிவிட்டு அத்தானைப் பார்த்தா. தம்பி ஞாயிற்றுக்கிழமைக்குப் பிறகும் உயிரோடு இருந்தார், போன இடம் தெரிந்தும் தான் யாருக்கும் சொல்லவில்லை என்று எழுதினால் கையெழுத்து வைப்பீர்களா என்று கேட்டா. ஞாயிறு என்று போட்டால் ஒருவருக்கும் ஒரு குறையும் இல்லை. செவ்வாய் என்று போட்டால் அந்த மூன்று நாளும் அவர் தலையில் விழும், கடதாசி இருக்கிற காலம்வரை. மண்டபம் முழுக்க அவரைப் பார்த்துக்கொண்டிருந்தது.

அவர் பேனையை வாங்கினார். கையெழுத்து வைத்தார். அந்த அம்மா முதலே எழுதி வைத்திருந்த ஞாயிற்றுக்கிழமைத் திகதியை ஒரு கோட்டால் வெட்டிவிட்டுச் செவ்வாயின் திகதியைப் போட்டா. நானும் கையெழுத்து வைத்தேன்.

ஊர் என்ன சொன்னது தெரியுமா? எவ்வளவு அமரிக்கையான பெண், வயதுக்கு மூத்த மனுசனை நாலு பேருக்கு முன்னால் இப்படிச் சந்தி சிரிக்க வைத்துவிட்டாளே என்றது. அவர் வாய் திறக்காததைப் பற்றி ஒருவரும் ஒன்றும் சொல்லவில்லை, பாவம் ஆழமான ஆள், மனதுக்குள் எவ்வளவு பட்டிருப்பார் என்றார்கள். அன்றோடு அந்தப் பட்டத்தை ஊருக்கே திருப்பிக் கொடுத்துவிட்டேன். தேவையானவர்கள் எடுத்துத் தங்கள் மகள்மாருக்குச் சூட்டட்டும். என் மகளுக்கு வேண்டாம்.

பத்திரத்தை மடித்துச் சட்டைக்குள் வைத்துக்கொண்டு பள்ளிக்கூடத்தை விட்டு வெளியே வந்தேன். மத்தியான வெயில், மணல் சுட்டது. கொஞ்சத் தூரம் போனதும் பின்னால் செருப்புச் சத்தம் கேட்டது. அத்தான். நான் நடையைக் குறைக்கவில்லை. அவருக்கு மூச்சு வாங்கியது, அப்படியே பின்னால் நடந்துகொண்டு கேட்டார். கலியாணம் முடித்து அந்தக் குடும்பத்துக்குள் வந்ததிலிருந்து அந்த மனுசன் என்னிடம் கேட்ட முதல் கேள்வி அது.

"புள்ள, நீதானே அவன் கிடந்த இடத்தில பாத்த. அவன் எந்தப் பக்கம் பாத்துக் கிடந்தான்?"

ஏன் கேட்கிறார் என்று எனக்கு உடனே விளங்கியது. அந்தக் கண்டலுக்குள் போக ஊர்ப்பக்கத்திலிருந்து ஒரேயொரு ஒற்றையடிப் பாதைதான் இருக்கிறது. மற்றப் பக்கம் எல்லாம் தண்ணீர். அனுப்பினவர் தேடி வருவதென்றால் அந்தப் பாதையால்தான் வர வேண்டும். மூன்று நாளும் தம்பி அந்தப் பாதையைப் பார்த்துக்கொண்டு கிடந்தானா, அல்லது வேறு பக்கம் பார்த்தபடி போய்விட்டானா, அதுதான் அவருக்குத் தெரிய வேண்டும்.

எனக்குத் தெரியும். கண்ணை மூடிவிட்டதே நான்தான். திரும்பி நின்று அவருடைய முகத்தைப் பார்த்தேன். ஒரு வார்த்தை சொன்னால் போதும், ஒன்றில் அவர் அன்றைக்கு இரவு தூங்குவார், அல்லது செத்தாலும் தூங்க மாட்டார். அவர் கைகளைக் கட்டிக்கொண்டு நின்றார். நான் மிச்சத் தூரத்தையும் நடந்து, படலையைத் திறந்து வீட்டுக்குள் போனேன்.

அதற்குப் பிறகும் இரண்டு தடவை கேட்டுப் பார்த்தார். நான் சொல்லவில்லை. இங்கேயும் எழுதப்போவதில்லை.